கையில் கொடுத்த மூன்று லட்சம்

கேள்வி: மதுரையில் ஒரு வீட்டை 9 லட்ச ரூபாய்க்கு லீஸுக்கு எடுத்தேன். 6 லட்சம் வங்கி மூலம் அனுப்பினேன், 3 லட்சம் கையில் கொடுத்தேன். அக்ரிமென்ட்டில் 6 லட்சம் மட்டும் எழுதினால் போதும் என்றார் ஓனர். காலி செய்து சாவியை ஒப்படைத்த பிறகு பைசா தரவில்லை. "நீ என் தம்பி மாதிரி" என்றவர், தெருவில் நின்று என் மனைவியைக் கேவலமாகப் பேசினார். வழக்கில் 6 லட்சமும் வட்டியும் தரச் சொல்லித் தீர்ப்பு வந்திருக்கிறது. ரிப்பேர், வெள்ளையடிப்பு என்று அவர் கழிக்கச் சொன்ன ஒன்றரை லட்சத்தைக் கோர்ட் ஏற்கவில்லை. "மூணு கையில வாங்கினேன்" என்று அவர் அனுப்பிய வாட்ஸ்அப் ஆடியோ பழைய போனில் இருக்கிறது. வக்கீல் கேட்கவில்லை, அதனால் வழக்கில் தாக்கல் செய்யவில்லை; 3 லட்சத்துக்கு வேறு சாட்சியும் இல்லை. தீர்ப்பாகி மூன்று வாரம் ஆகிறது. மீதிக்கு அப்பீல் போகலாமா?

பதில்: அவர் பேசியது தப்பு. ஆனால் அப்பீலில் அதற்கு வேலையே இல்லை. அந்த 3 லட்சத்துக்கு விசாரணையில் எந்த ஆவணத்தைச் சாட்சியமாகக் கொடுத்துக் குறியீடு செய்தீர்கள், யாரைச் சாட்சியாக விசாரித்தீர்கள்? உங்கள் கடிதப்படி, ஒன்றுமில்லை. பத்திரத்தில் 6 என்று கையெழுத்துப் போட்டுவிட்டு, வாய்ச்சொல்லால் 9 ஆக்க முடியாது.

ஆடியோ இருக்கிறதே என்பீர்கள். உரிமையியல் நடைமுறைச் சட்டம் ஆணை 41 விதி 27 கூடுதல் சாட்சியத்தை லேசில் உள்ளே விடாது. எவ்வளவு முயன்றும் அப்போது தாக்கல் செய்ய முடியவில்லை என்று நீங்கள் காட்ட வேண்டும். உங்கள் போனிலேயே கிடந்ததை எப்படி அப்படிச் சொல்வீர்கள்? "வக்கீல் கேட்கவில்லை" என்பது காரணமாகாது.

எனக்குப் பயம் வேறு இடத்தில். அப்பீல் போக அவருக்கும் 30 நாள்தான். செலவுக்குப் பயந்து அவர் பேசாமல் இருந்துவிடலாம். நீங்கள் அப்பீல் போட்டால், நோட்டீஸ் கிடைத்த ஒரு மாதத்துக்குள் அவர் கிராஸ் அப்ஜெக்‌ஷன், அதாவது தீர்ப்பில் தனக்குப் பாதகமான பகுதிக்கு எதிர் ஆட்சேபணை, போடலாம். தோற்றுப்போன ஒன்றரை லட்சம் மறுபடி உயிர் பெறும், ஏன், 6 லட்சத்தையே கேள்வி கேட்பார். சரி, வம்பு வேண்டாம் என்று நீங்கள் அப்பீலை வாபஸ் வாங்கினாலும் அவருடையது அதோடு போகாது, தனியாக நடக்கும். 3 லட்சத்தைத் தேடிப் போய், கையில் இருந்த தீர்ப்பைக் காப்பாற்றவே நான்கைந்து வருடம் அலைந்த கட்சிக்காரர்களைப் பார்த்திருக்கிறேன்.

அதைவிட மோசம், இ.பி., அதாவது தீர்ப்பை நிறைவேற்றச் சொல்லும் மனு, போடாமல் உட்கார்ந்திருப்பது. "அப்பீல் முடியட்டும் சார்" என்பார்கள். ஸ்டே இல்லாதவரை 6 லட்சத்துக்கு இன்றே நிறைவேற்று மனு போடலாம். போடாமல் விட்டால், பிறகு ஒருநாள் வில்லங்கம் போட்டுப் பார்க்கும்போது வீடு மகள் பெயருக்குத் தான செட்டில்மென்ட் ஆகியிருக்கும். ஜப்திக்குப் பிறகு மாற்றினால் உங்களை அது கட்டுப்படுத்தாது. முன்னாலேயே மாற்றிவிட்டால், உங்களை ஏமாற்றத்தான் எழுதினார் என்று நிரூபிக்கும் பாடு உங்களுடையது.

இன்னொன்று. 2 லட்சமோ அதற்கு மேலோ ரொக்கமாகக் கொடுத்ததாக வழக்கில் சொன்னால், கோர்ட் வருமான வரித்துறைக்குத் தெரிவிக்க வேண்டும் என்று 2025 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அபராதம், பணத்தை வாங்கியவருக்குத்தான். ஆனால் அந்த 3 லட்சம் எங்கிருந்து வந்தது என்று உங்களையும் கேட்பார்கள். கணக்கு இருக்கிறதா?

அதனால் அப்பீல் வேண்டாம். தீர்ப்பு நகல் வாங்கி உடனே இ.பி. போடுங்கள், வீட்டை ஜப்தி கேளுங்கள். ஜப்தி நோட்டீஸ் ஒட்டியதும் பெரும்பாலான ஓனர்கள் பேச வருவார்கள். வட்டியோடு 6 லட்சம், மேலே ஒரு லட்சம் கிடைத்தால் வாங்கிக்கொண்டு முடித்துவிடுங்கள், லோக் அதாலத்தில் முடித்தால் இன்னும் நல்லது. கோர்ட்டுக்கு வெளியே கொடுக்கும் பணத்தைக் கோர்ட்டில் பதிவு செய்தால்தான் இ.பி. கோர்ட் கணக்கில் எடுக்கும். அவருக்கும் அது தெரியும், ஆகவே முழுத் திருப்தி மெமோவில், அதாவது பணம் முழுக்க வந்துவிட்டது என்று கோர்ட்டுக்குச் சொல்லும் தாளில், கையெழுத்துக் கேட்பார். டி.டி. கைக்கு வந்த பிறகு போடுங்கள். பின்தேதியிட்ட செக்கை நம்பிப் போட்டுவிட்டு என்னிடம் வராதீர்கள்.