புகை வந்தால் பீரங்கி: ஊமைப்படக் காலத்துக் கடற்போர்கள்

கே: சத்தமே இல்லாத படத்தில் பீரங்கி வெடிப்பதை எப்படி நம்ப வைத்தார்கள்?

ப: புகைதான். பீரங்கி வாயிலிருந்து குபுக்கென்று வெண்புகை கிளம்பினால் போதும், சத்தத்தை, பார்ப்பவர் மனமே போட்டுக்கொள்ளும்.

கே: தொட்டித் தண்ணீரில் போர் எடுத்தார்களாமே, கட்டுக்கதையா?

ப: நிஜம்தான். 1898 ஜூலை 3 அன்று கியூபாவின் சாந்தியாகோ துறைமுகத்துக்கு வெளியே ஸ்பானியக் கப்பல்களை அமெரிக்கர்கள் அழித்தார்கள். அதைப் பார்க்க ஜனம் துடித்தது. நியூயார்க்கில் ஆல்பர்ட் ஸ்மித்தும் ஸ்டூவர்ட் பிளாக்டனும் தெருவில் விற்ற போர்க்கப்பல் புகைப்படங்களை வாங்கி, கத்தரித்து, மரத்துண்டுகளில் அடித்து, ஓர் அங்குலத் தண்ணீரில் விட்டு, நூலால் இழுத்துப் படமெடுத்தார்கள். வெடிக்கு ஒரு சிட்டிகை வெடிமருந்து. புகை போதாததற்கு பிளாக்டனின் மனைவி சிகரெட் ஊதினாராம். இதெல்லாம் ஸ்மித் பின்னாளில் எழுதியது. மனிதர் கொஞ்சம் அளப்பவர், அதையும் மனதில் வையுங்கள்.

கே: நிஜக் கப்பல்களை வைத்து யாரும் எடுக்கவில்லையா?

ப: எடுத்தார்கள். 1914-இல் தென் அமெரிக்கக் கடல்களில் பிரிட்டனும் ஜெர்மனியும் மோதிய கொரோனல், ஃபாக்லாந்து போர்களை 1927-இல் வால்டர் சம்மர்ஸ் படமாக்கியபோது பிரிட்டிஷ் கடற்படையே கப்பல்கள் கொடுத்தது. அந்தப் போரில் இருந்த 'இன்வின்சிபிள்' கப்பலாக நடித்தது 'பார்ஹாம்'. அசலுக்கு மூன்று புகைபோக்கி, நடித்ததற்கு இரண்டு! ஃபாக்லாந்தாக நின்றது இங்கிலாந்தின் சில்லி தீவுகள்.

கே: அதில் 'மலாயா' என்றொரு கப்பலும் உண்டா? நான் ஈப்போக்காரன், அதனால் கேட்கிறேன்.

ப: உண்டு. உங்கள் ஊர்ப் பணத்தில் கட்டிய கப்பல்தான். மலாய்க் கூட்டு மாநிலங்கள் செலவை ஏற்றன.

கே: 'போர்க்கப்பல் பொட்டெம்கின்' என்ற சோவியத் படத்தில் வருவது அசல் கப்பலா?

ப: இல்லை. 1925-இல் இயக்குநர் ஐசன்ஸ்டைனுக்குக் கிடைத்தது 'பன்னிரு அப்போஸ்தலர்கள்' என்ற பழைய கப்பல். அதைக் கண்ணிவெடிக் கிடங்காக வைத்திருந்தார்கள், உள்ளே அதிர்ந்து நடக்கக்கூட பயம். ஆனால் எனக்குப் பிடித்தது வேறு. கப்பல் சுட்டதும் தூங்கும் சிங்கம், விழித்த சிங்கம், எழுந்த சிங்கம் என்று மூன்று கற்சிலைகளை அடுத்தடுத்துக் காட்டுவார். சிலைகள் கிரிமியாவின் அலுப்கா அரண்மனையில் இருப்பவை. புகையே இல்லாமல் வெடியைக் காட்டிய இடம் அதுதான்.

கே: எம்டன்?

ப: 1914 செப்டம்பர் 22 இரவு சென்னையில் குண்டு போட்ட அதே கப்பல். ஜெர்மானியர்கள் 1926-இல் படமெடுத்தார்கள். அப்புறம் ஆஸ்திரேலியர்கள் அதை வாங்கி, எம்டனை வீழ்த்திய தங்கள் 'சிட்னி' கப்பல் பற்றிய காட்சிகளைப் புதிதாக எடுத்து ஒட்டி, 1928-இல் தங்கள் படமாகவே ஓட்டிவிட்டார்கள்!