திரும்பிப் போகிறவர்

அன்புள்ள ஆசிரியருக்கு,

வளைகுடாவில் வேலை பார்த்துவிட்டு ஊர் திரும்பியவர்களைப் பற்றி ஆவணப்படம் எடுக்கப் போகிறேன். ஒவ்வொருவர் கதை வழியாகவும் மனித உறவுகளைச் சொல்ல ஆசை. என்ன கேமரா வாங்கலாம்? அவர்களைக் கண்கலங்கிப் பேசவைக்க என்ன கேட்க வேண்டும்? மூன்று நாள் லீவு போட்டிருக்கிறேன், போதுமா?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

கேமராவா? கையிலிருக்கும் செல்போனே போதும். மைக் மட்டும் நல்லதாக வாங்குங்கள்.

'கண்கலங்க' என்று எழுதினீர்களே, அதற்காகத்தான் இந்தப் பதில். அடுத்தவர் அழுகையைக் கறந்துகொண்டு வரவா ஊருக்குப் போகிறீர்கள்?

எங்கள் தெருவில் கணவரைக் கடலில் பறிகொடுத்த அக்கா ஒருவர் இருந்தார். டிவிக்காரர்கள் வந்தார்கள். ஃபேன் சத்தம் விழுகிறது என்று அதை நிறுத்திவிட்டு, "இன்னொரு தடவை சொல்லுங்கம்மா" என்றார்கள். வேர்த்த முகத்தை முந்தானையால் துடைத்துக்கொண்டு அக்கா முதலிலிருந்து சொன்னார். போகும்போது சுவரில் மாட்டியிருந்த கணவர் படத்தை, ஸ்கேன் செய்துவிட்டுத் தருவதாகக் கழற்றி வாங்கிப் போனார்கள். திரும்பி வரவே இல்லை. வீட்டில் இருந்த ஒரே படம் அது. இன்றுவரை எனக்கு ஆத்திரம் தீரவில்லை.

பிரேசில் இயக்குநர் எடுவார்டோ கொட்டின்யோவை நான் நினைத்துக்கொண்டிருந்த நேரத்தில்தான் உங்கள் கடிதம் வந்தது. பராயிபா மாநிலத்தில் ஜோவாவ் பெட்ரோ டெஷெய்ரா என்ற விவசாயச் சங்கத் தலைவரை 1962இல் கொன்றார்கள். அந்தக் கதையை 1964இல் கொட்டின்யோ படமாக்கத் தொடங்கினார். விவசாயிகளே நடித்தார்கள். மனைவி எலிசபெத்தாக எலிசபெத்தே நடித்தார். ராணுவம் ஆட்சியைப் பிடித்ததும் படப்பிடிப்பு நின்றது, பலர் கைதானார்கள். எலிசபெத் வேறு பெயரில் தலைமறைவானார். பிள்ளைகள் ஆளுக்கொரு திக்கில் சிதறினார்கள்.

1981இல் கொட்டின்யோ திரும்பிப் போனார். எடுத்த ஃபிலிமில் பெரும்பகுதி முன்பே ரியோ லேபுக்குப் போயிருந்ததால் தப்பியிருந்தது. அதைக் கொண்டுபோய், படப்பிடிப்பு நடந்த கலிலேயா என்ற ஊரில் அன்று நடித்த விவசாயிகளைக் கூட்டிவைத்துப் போட்டுக் காட்டினார். பதினேழு வருஷத்துக்கு முந்தைய தங்கள் முகங்களை அவர்கள் அடையாளம் கண்டு சிரிக்கிறார்கள். எனக்கு அந்த இடம் போதும், அதற்கு மேல் ஒரு பேட்டிகூட வேண்டாம். எலிசபெத்தையும் தேடிக் கண்டுபிடித்தார். அக்கம்பக்கத்தாருக்கு வேறு பெயரில் தெரிந்திருந்தவர், இந்தப் படத்தில்தான் தன் சொந்தப் பெயரோடு வெளியே வந்தார். அத்தோடு விட்டாரா கொட்டின்யோ? பிள்ளைகளையும் ஊர் ஊராகத் தேடிப் போனார். 1984இல் படம் முழுமையானது.

கேள்வித்தாள் தயாரித்து இதை எடுக்க முடியுமா? கொடுத்ததைத் திரும்பக் கொண்டுவந்து காட்டுகிற ஆள் இவர் என்று தெரிந்தால்தான் ஜனங்கள் வாயைத் திறப்பார்கள். உறவு, உறவு என்று எழுதுகிறீர்களே, எடுத்துக்கொண்டு போனவர் திரும்பி வராவிட்டால் அது என்ன உறவு?

உங்கள்மேல் கோபமில்லை. ஆசைப்பட்டு லீவு போட்டுக் கிளம்புகிறீர்கள், அது எனக்குச் சந்தோஷம்தான். ஆனால் படம் முடிந்ததும் விழாவுக்கு அனுப்பாதீர்கள். முதலில் ஊருக்குப் போய், பேசியவர்கள் எல்லாரையும் உட்காரவைத்துப் போட்டுக் காட்டுங்கள். "இதை வெட்டிடு தம்பி" என்று ஒருத்தர் சொன்னால், எவ்வளவு நல்ல காட்சியானாலும் வெட்டிவிடுங்கள். அப்புறம் எனக்கு அனுப்புங்கள், பார்க்கிறேன்.