தெருவின் குறுக்கே 24 வருடம்: ஆக்ஸ்ஃபோர்டின் கட்ஸ்லோ சுவர்கள், கேள்வி பதில்

ஆக்ஸ்ஃபோர்டு நகரின் வடக்கு ஓரத்தில் கட்ஸ்லோ என்றொரு குடியிருப்புப் பகுதி இருக்கிறது. 1934 முதல் 1959 வரை அங்கே இரண்டு தெருக்களைச் சுவர் எழுப்பி அடைத்து வைத்திருந்தார்கள். அதைப் பற்றி வந்த கேள்விகளும் என் பதில்களும் இவை.

கேள்வி: ஆக்ஸ்ஃபோர்டு என்றால் பழைய கல்லூரிகள்தான் ஞாபகம் வருகின்றன. அங்கே இப்படியொரு சுவர் எப்படி வந்தது?

கல்லூரிகளோடு இதற்குச் சம்பந்தமே இல்லை. ஆக்ஸ்ஃபோர்டின் கௌலி பகுதியில் மோரிஸ் கார் தொழிற்சாலை வளர வளர, வேலை தேடி ஆட்கள் வந்து குவிந்தார்கள். ஊருக்குள் வீடு போதவில்லை. நகரசபை கட்ஸ்லோவில் நிலம் வாங்கி, 1930களின் தொடக்கத்தில் வாடகை வீடுகள் கட்டியது. மிச்சமிருந்த நிலத்தில் ஒரு பகுதியை ‘அர்பன் ஹவுசிங் கம்பெனி’ என்ற தனியார் நிறுவனத்துக்கு விற்றது. அந்த நிறுவனம் கட்டிய வீடுகள் பிரதான சாலையான பான்பரி சாலை பக்கம் இருந்தன, நகரசபை வீடுகள் அவற்றுக்குப் பின்னால். தெருக்கள் நேராக இணைந்திருந்தன. 1934 டிசம்பரில் நிறுவனம் அந்த இணைப்பில் சுவர் வைத்துவிட்டது. நிலத்தை விற்கும்போதே தெரு பொதுவழியாக இருக்கவேண்டும் என்று நகரசபை இறுக்கமாக எழுதி வாங்கியிருக்க வேண்டும்; அதைச் செய்யவில்லை. வினையே அங்கேதான் தொடங்கியது என்பது என் கருத்து.

கேள்வி: சுவர் எவ்வளவு உயரம்? அதனால் அப்படி என்ன கஷ்டம்?

இரண்டு மீட்டருக்கு மேல். ஏறிக் குதிக்க முடியாதபடி உச்சியில் இரும்பு முட்கள். கடையும் பஸ்ஸும் பான்பரி சாலையில்தான். எதிரே தெரியும் சாலைக்கு ஏறத்தாழ அரை மைல் சுற்றிக்கொண்டு போகவேண்டும். கைக்குழந்தையோடும் காய்கறிப் பையோடும் அதைத் தினமும் நடந்தவர்களை நினைத்தால் எனக்கு இன்றும் கோபம் வருகிறது.

கேள்வி: கம்பெனி தரப்பு நியாயம் என்ன? ஒரு காரணமும் இல்லாமலா கட்டினார்கள்?

நகரத்துச் சேரிகளை இடித்தபோது வீடு இழந்த குடும்பங்களை நகரசபை இங்கே குடியேற்றுகிறது, அதனால் எங்கள் வீடுகள் விற்காது என்றார்கள். அப்படி வந்தவை சில குடும்பங்கள்தான். பக்கத்தில் யார் குடியிருக்கிறார்கள் என்பதை வைத்து வீட்டுக்கு விலை பேசினார்கள். இதை நியாயம் என்று என்னால் சொல்ல முடியாது.

கேள்வி: மக்கள் சும்மாவா இருந்தார்கள்?

இல்லை. ஏப் லாசரஸ் என்ற கம்யூனிஸ்ட் தொழிற்சங்கத் தலைவர் முன்னால் நின்றார். ஃபயர்ஸ்டோன் டயர் ஆலை வேலைநிறுத்தத்தில் பெயர் வாங்கியவர் என்பதால் ‘பில் ஃபயர்ஸ்டோன்’ என்றே கூப்பிடுவார்கள். 1934இல் கௌலியின் பிரஸ்டு ஸ்டீல் ஆலை வேலைநிறுத்தத்துக்கு வந்தவர், ஆக்ஸ்ஃபோர்டிலேயே தங்கிவிட்டார். 1935 மே மாதம் சுவரை இடிக்கப் பெருங்கூட்டம் திரண்டது. போலீஸ் குறுக்கே நின்று தடுத்துவிட்டது.

கேள்வி: ஊரே நகரசபையின் கையில். ஒரு சுவரை இடிக்க முடியாதா? சட்டம் தெரிந்தவர்கள் இருந்திருப்பார்களே?

இந்தக் கேள்விக்குத்தான் விரிவாகப் பதில் சொல்ல வேண்டும். 1938 ஜூனில் நகரசபையே ரோடு ரோலரைக் கொண்டுவந்து சுவர்களை இடித்தது. நிறுவனம் உடனே மறுபடி கட்டியது. விவகாரம் நீதிமன்றம் போனது, நகரசபை தோற்றது. நிறுவனத்தின் பக்கம் இருந்த தெரு தனியார் சொத்து. நிறுவனம் தன் நிலத்தில் கட்டிய சுவரை நகரசபை தன்னிச்சையாக வந்து இடிக்க முடியாது என்பதே முடிவு. சுவரைக் கட்டியது வர்க்கத் திமிர், சந்தேகமில்லை. ஆனால் வழக்குக்குப் பிறகும் அதைக் காப்பாற்றியது சொத்துரிமை. திமிரை மட்டும் திட்டிவிட்டுப் போனால் பாதிக் கதைதான் தெரியும்.

கடைசியில் நகரசபை, சுவர் நின்ற அந்தத் துண்டு நிலத்தை 1,000 பவுண்டு கொடுத்து வாங்கியது. ஒன்பது அங்குல அகலத்துக்கு அவ்வளவு பணம்! அதற்குப் பிறகே 1959 மார்ச் 9 அன்று இடிப்பு தொடங்கியது.

கேள்வி: நடுவில் ராணுவ டாங்கி ஒன்று சுவரை இடித்தது என்று படித்தேன். நிஜமா?

நிஜம்தான். இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் பயிற்சிக்குப் போன டாங்கி ஒரு சுவரை உடைத்துக்கொண்டு போய்விட்டது. போர் அமைச்சகம் தன் செலவில் திரும்பக் கட்டிக்கொடுத்தது. அப்படியே விட்டிருக்கலாம்.

கேள்வி: அடுத்த மாதம் ஆக்ஸ்ஃபோர்டு போகிறேன், அண்ணா. அங்கே பார்க்க ஏதாவது மிச்சம் இருக்கிறதா?

சுவர் இல்லை தம்பி. 2006இல் சுவரின் நினைவாக வைத்த நீலப் பலகை ஆல்ட்ரிச் சாலையில் இருக்கிறது. அதைவிடத் தெருப் பெயர்ப் பலகைகளைக் கவனியுங்கள். வென்ட்வொர்த் சாலையில் நேராக நடந்தால், வளைவோ சந்திப்போ இல்லாமலே அது ஆல்ட்ரிச் சாலை ஆகிவிடும். கார்ல்டன் சாலையும் அப்படித்தான், பாதியில் வுல்சி சாலை ஆகிவிடும். பெயர் மாறும் இடத்தில்தான் சுவர் நின்றது. நகர மையத்திலிருந்து பான்பரி சாலையில் வடக்கே போகும் பஸ்ஸில் ஏறி, சுற்றுச்சாலை வருவதற்குச் சற்று முன்னால் இறங்கிக்கொள்ளுங்கள்.