ஒரே ஒரு ‘வேண்டாம்’

கேள்வி: இரண்டு உலகப் போரிலும் அமெரிக்கா இறங்கக் கூடாது என்று ஓட்டுப் போட்ட ஒரே உறுப்பினர் ஒரு பெண்ணாமே? யார் அவர், அப்புறம் என்ன ஆனார்? (ஒரு வாசகி, திண்டுக்கல்)

பதில்: ஜெனட் ராங்கின். மான்டனா மாநிலத்தில் 1880-ல் பிறந்தவர், அமெரிக்க காங்கிரசுக்குள் போன முதல் பெண் (காங்கிரஸ் என்றால் கட்சி இல்லை, அவர்களுடைய நாடாளுமன்றத்துக்கே அதுதான் பெயர்). 1917 ஏப்ரல் 2-ம் தேதி பதவியேற்கிறார். அன்று ராத்திரியே அதிபர் வில்சன் வந்து ஜெர்மனி மேல் போர் அறிவிக்கச் சொல்கிறார்! 6-ம் தேதி, விடிவதற்கு முன்பே வாக்கெடுப்பு. முதல் சுற்றில் பேர் சொல்லிக் கூப்பிட்டபோது அம்மா வாயே திறக்கவில்லை. இரண்டாவது சுற்றில் எழுந்து, “நாட்டோடு நிற்கத்தான் ஆசை, ஆனால் போருக்கு ஓட்டுப் போட என்னால் முடியாது” என்றார். 373-க்கு 50 என்று தீர்மானம் நிறைவேறியது. எதிர்த்த மற்ற 49 பேரும் ஆண்கள்தான், ஆனால் பத்திரிகைகள் பிடித்துக்கொண்டது இவரை மட்டும்: ‘அழுதுவிட்டார், பெண் புத்தி’ என்று. அழுதாரா என்று லகார்டியா என்ற உறுப்பினரிடம் கேட்டதற்கு, என் கண்ணிலேயே தண்ணீர், எனக்கு எங்கே தெரிந்தது என்றாராம். இத்தனைக்கும் லகார்டியா போருக்கு ஆதரவாக ஓட்டுப் போட்டவர்.

1918-ல் செனட்டுக்கு (காங்கிரசின் மேல்சபை) நின்று தோற்றார். 1940-ல் மறுபடி ஜெயித்து வந்தால், அடுத்த வருஷமே பேர்ல் ஹார்பர் கடற்படைத் தளத்தின் மேல் ஜப்பானின் குண்டு! டிசம்பர் 8-ம் தேதி 388 பேர் ஜப்பான் மேல் போர் வேண்டும் என்றார்கள், வேண்டாம் என்றது இவர் ஒருத்தர்தான். வெளியே கூட்டம் மொய்த்துக்கொள்ள, ஒரு டெலிபோன் கூண்டுக்குள் புகுந்து கதவைச் சாத்திக்கொண்டு போலீசைக் கூப்பிட்டார். அடுத்த தேர்தலில் நிற்கவே இல்லை. இதைப் பிடிவாதம் என்பவர்கள் உண்டு, இருக்கட்டும். குண்டு விழுந்த மறுநாள் அந்தச் சபையில் தனியாக ‘வேண்டாம்’ சொல்ல யாருக்கு வரும்? பிறகு காந்தியின் வழியில் பிடிப்பு வந்து 1946-லிருந்து ஏழு தடவை இந்தியா வந்தார். 1968-ல், 87 வயதில், வியட்நாம் போரை எதிர்த்து வாஷிங்டனில் ஆயிரக்கணக்கான பெண்களோடு ஊர்வலம் போனார். 1973-ல் காலமானார்.

கேள்வி: அங்கே பெண்களுக்கு ஓட்டு வந்ததே 1920-ல்தானே, இவர் மட்டும் 1916-ல் எப்படி ஜெயித்தார்? (ஒரு வாசகர், மதுரை)

பதில்: 1920 நாடு முழுவதற்கும். மாநிலங்கள் தனித்தனியாக முன்பே கொடுத்துக்கொண்டிருந்தன. மான்டனாவில் 1914-லேயே வந்துவிட்டது. அதற்காக ஊர் ஊராகப் போய்ப் பேசியவர்களில் ராங்கினும் ஒருவர், அந்த அறிமுகம் தேர்தலில் கைகொடுத்தது. செலவுக்குப் பணம் வேண்டுமே, வக்கீல் தம்பி வெலிங்டன் இருந்தார்! எல்லாப் பெண்களுக்கும் ஓட்டு கேட்கும் அரசியல் சட்டத் திருத்தம் 1918 ஜனவரியில் பிரதிநிதிகள் சபைக்கு வந்தபோது விவாதத்தைத் தொடங்கி வைத்ததும் இவர்தான். மூன்றில் இரண்டு பங்கு வேண்டும், கிடைத்தது 274-க்கு 136, அதாவது ஒரே ஒருவர் மாற்றிப் போட்டிருந்தாலும் அன்றைக்குக் கவிழ்ந்திருக்கும். அந்த 274-ல் பெண் ஓட்டு ஒன்றே ஒன்று. ஆனால் செனட்டில் அந்த வருஷம் தேறவில்லை. கடைசியில் நிறைவேறியபோது ராங்கின் சபையிலேயே இல்லை.