கருநீலச் சீருடை – கடிதம்

அன்புள்ள ஐயா,

கிழக்கு ஜெர்மனி பற்றிய கட்டுரையில், பெர்லின் சுவரைத் தாண்ட முயன்ற ஒருவரை ரயில்வே போலீஸ் சுட்டதாக எழுதியிருந்தீர்கள். பிக்பாக்கெட் பிடிப்பவர்களுக்கு எல்லையில் என்ன வேலை?

ர., ஈரோடு

அன்புள்ள ர.,

அவர்கள் பிக்பாக்கெட்டும் பிடித்தார்கள், சரக்கு வேகன்களுக்குக் காவலும் இருந்தார்கள். கருநீலச் சீருடை போட்ட அந்தப் படையை மக்கள் ‘ட்ராபோ’ என்பார்கள். கிழக்கு ஜெர்மன் மக்கள் காவல்துறையின் ரயில் பிரிவு அது.

வினை எஸ்-பான் என்ற நகர ரயிலில் இருந்தது. போருக்குப் பிறகு மேற்கு பெர்லினுக்குள்ளும் அதை ஓட்டியது கிழக்கு ஜெர்மன் ரயில்வேதான். சாதாரண டிக்கெட் ஒன்றோடு ஏறியவர் சில நிறுத்தம் தள்ளி மேற்கில் இறங்கிவிடலாம். லட்சக்கணக்கானோர் இறங்கினார்கள்; திரும்பவில்லை. ஆகவே 1950களிலேயே பெர்லின் போகும் ரயில்களில் ட்ராபோ பயணிகளின் பெட்டியைக் கிளறியது. இரண்டு நாள் பயணத்துக்கு இவ்வளவு துணி எதற்கு? படிப்புச் சான்றிதழ் எதற்கு? திருடனைத் தேட வந்த படை பயணியைத் தேட ஆரம்பித்தது அப்போதே. சுவர் பிறகுதான் வந்தது.

1961 ஆகஸ்ட் 13 அன்று எல்லை மூடப்பட்டது. நீங்கள் கேட்கும் சம்பவம் 24ஆம் தேதி நடந்தது. குந்தர் லிட்ஃபின், 24 வயது தையல்காரர். மேற்கில் வேலை பார்த்தவர். ஹம்போல்ட் படகுத்துறைக்கு அருகே ரயில் பாலப் பகுதியில் ட்ராபோ அவரைப் பார்த்து நிற்கச் சொன்னது. அவர் தண்ணீரில் குதித்து நீந்தினார், சுட்டுக் கொன்றார்கள். சுவரில் சுட்டுக் கொல்லப்பட்ட முதல் ஆள் அவர். 1990களில் வழக்கு நடந்தது, சுட்டவர்களுக்குக் கிடைத்தது நிறுத்திவைக்கப்பட்ட தண்டனை. அதைப் பற்றி எனக்குக் கசப்பு உண்டு, இருக்கட்டும்.

சுவர் இருந்த காலத்தில் மேற்கு பெர்லினின் சில சுரங்க ரயில்கள் கிழக்கு பெர்லினின் அடியில் புகுந்து வெளியேறும். வழியிலுள்ள நிலையங்களில் வண்டி நிற்காது. மங்கிய வெளிச்சத்தில், நடைமேடையில் சுவர் எழுப்பி அடைத்த கூண்டுக்குள் இருந்து சிறு துளை வழியே காவலர் பார்ப்பார். அவருமே ஓடிவிடலாம் என்ற பயம் அரசுக்கு.

எனக்கு மறக்காதது 1989 அக்டோபர் 4 இரவு. ப்ராக் நகரில் மேற்கு ஜெர்மன் தூதரகத்தில் தஞ்சம் புகுந்திருந்த கிழக்கு ஜெர்மானியர்களை ரயிலில் மேற்கே அனுப்பக் கிழக்கு ஜெர்மன் அரசு ஒப்புக்கொண்டது. ஆனால் ரயில் கிழக்கு ஜெர்மன் மண் வழியாகவே போக வேண்டும் என்பது அரசின் பிடிவாதம். நாங்களாக வெளியேற்றினோம் என்று சொல்லிக்கொள்ளத்தான். விளைவு, வழியிலிருந்த கிழக்கு ஜெர்மன் நகரமான டிரெஸ்டனின் நிலையத்தில் ஆயிரக்கணக்கானோர் அந்த வண்டியில் தொற்றி ஏறத் திரண்டுவிட்டார்கள். கல்வீச்சு, தடியடி, தண்ணீர்ப் பீரங்கி. நிலையத்தின் கண்ணாடிகள் நொறுங்கின.

மறு ஆண்டு அக்டோபர் 3இல் நாடு ஒன்றானது. கிழக்கின் ரயில் நிலையங்களைக் காக்கும் பொறுப்பு அன்று யாரிடம் போனது தெரியுமா? மேற்கு ஜெர்மனியின் எல்லைக் காவல் படையிடம்.