டராவா தரையிறக்கத்தில் அமெரிக்கப் படகுகள் ஏன் கரைவரை போக முடியவில்லை?

சுருக்கமான பதில்: கடலில் தண்ணீர் போதவில்லை.

இரண்டாம் உலகப் போரின்போது, 1943 நவம்பர் 20 அன்று, பசிபிக் கடலில் ஜப்பானியர் வசம் இருந்த டராவா பவளத்தீவுக் கூட்டத்தின் பேடியோ தீவில் அமெரிக்க மரைன்கள் இறங்கினார்கள். நீளம் சுமார் 3 கிலோமீட்டர், அகலம் ஒரு கிலோமீட்டர்கூட இல்லாத துண்டு நிலம் அது. சுற்றிலும் பவளத்திட்டு. வீரர்களைக் கரையில் இறக்கும் ஹிக்கின்ஸ் படகு அதைத் தாண்ட ஏறக்குறைய 4 அடி ஆழம் வேண்டும். ஆனால் அது தேய்பிறை அட்டமியை ஒட்டிய நாள். கடல் பெரிதாக ஏறாது. போதாததற்கு, அப்போது நிலவும் பூமியிலிருந்து வெகு தூரத்தில் இருந்தது. திட்டின்மேல் 3 அடி தண்ணீர்தான்.

நீரிலும் நிலத்திலும் ஓடும் சங்கிலிச் சக்கர வண்டிகள் மட்டும் திட்டின்மேல் ஏறிப் போயின. அவை போதுமான அளவு இல்லை. மற்றவர்கள் துப்பாக்கியைத் தலைக்குமேல் தூக்கிக்கொண்டு, இடுப்பளவு, மார்பளவு நீரில் நூற்றுக்கணக்கான மீட்டர் நடந்தார்கள். எதிரே தென்னங்கட்டைகளாலும் கான்கிரீட்டாலும் கட்டிய பதுங்குகுழிகள், இயந்திரத் துப்பாக்கிகள். ஒளிய ஓரிடமும் இல்லை. அந்த நடையை நினைத்தாலே மனம் கனக்கிறது.

சுமார் 76 மணி நேரத்தில் தீவு விழுந்தது. ஏறக்குறைய 1,000 அமெரிக்கர்கள் இறந்தார்கள். ஜப்பானியப் படைவீரர்களில் உயிரோடு பிடிபட்டவர்கள் 17 பேர் மட்டுமே. அப்புறம்தான், தரையிறங்கும் முன்பே கடலடியை அளந்து தடைகளைத் தகர்க்க நீச்சல் வீரர்களை அமெரிக்கக் கடற்படை அனுப்பத் தொடங்கியது.