45 வயதுக்கு மேல் தனியாக ஊருக்குப் போய் வந்தால் ஆசை திரும்புமா?

தனியாக நாலு நாள் வெளியூர் போய் வந்த பிறகு கணவர்மேல் மறுபடி ஆசை வருகிறதே, இது இயல்புதானா என்று கேட்டிருக்கிறீர்கள். இயல்புதான். எனக்கும் வந்தது.

தண்டையார்பேட்டையில் மாமியார், ரெண்டு பிள்ளைகள், விடிகாலைத் தண்ணி லாரி என்று இருபது வருஷம் ஓடிவிட்டது. போன வருஷம் தரங்கம்பாடிக்குத் தனியாகப் போனேன். 1620-இல் டேனிஷ்காரர்கள் கட்ட ஆரம்பித்த கோட்டை பக்கத்தில் உட்கார்ந்து, யாருக்கும் டிபன் கட்டாமல், ஒரு டீயைச் சூடு ஆறுவதற்குள் முழுசாகக் குடித்தேன். சிரிக்காதீர்கள், அந்த டீயில்தான் ஆரம்பித்தது. காசிமேட்டில் வளர்ந்தவளுக்குக் கடல் ஒன்றும் புதுசில்லை, ஆனால் அன்றைக்குக் காற்று பின்கழுத்தில் பட்டபோதுதான் எனக்கும் ஒரு உடம்பு இருப்பதே ஞாபகம் வந்தது.

ஆசை எப்போதும் தானாகப் பற்றிக்கொள்ளும் என்றில்லை. நீண்ட மணவாழ்வில் பல பெண்களுக்கு நெருக்கமும் நிம்மதியும் கிடைத்த பிறகே அது எழுகிறது என்று கனடா மருத்துவர் ரோஸ்மேரி பாசன் 2000-இல் எழுதினார். கேஸ் புக் பண்ணணும், மாமியாருக்கு மாத்திரை வாங்கணும் என்று ஓடும் மனசில் அதற்கு இடம் ஏது?

அப்புறம், மாதவிடாய் நிற்கும் காலத்தில் ஈஸ்ட்ரோஜன் என்ற ஹார்மோன் குறைந்து பிறப்புறுப்பில் வறட்சியும் வலியும் வரலாம். அதற்கு ஊர் சுற்றினால் போதாது. பெண்கள் நல மருத்துவரிடம் கூச்சப்படாமல் சொல்லுங்கள், களிம்பு தருவார்கள்.

வீட்டுக்காரர் அடுத்த தடவை தானும் வருவதாகச் சொல்கிறார். சரி, வாங்க, ஆனா மூணாவது நாள் வந்தா போதும் என்றேன்.